காலிப் புட்டி தந்த புகழ்!

ஆப்பிரிக்காவின் கலஹாரி மணல்காட்டில் பிறந்தவர். தமது வயது தமக்கே தெரியாதவர். நடிப்பு என்றால் என்ன என்று யாரிடமும் படிக்காதவர். ஆனால் உலகத்தையே வயிறு குலுங்கச் சிரிக்க வைத்தவர்.

அவர்தான் நிகாவு!

அவர் நடித்த படத்தைப் பார்த்தவர்கள் அந்த முகத்தை மறக்க மாட்டார்கள். குழந்தையைப் போன்ற சிரிப்பு. ஒட்டிய வயிறு. மெலிந்த கால்கள். இடுப்பில் ஒரு சிறிய தோல் துண்டு. கையில் ஒரு காலிப் புட்டி.

அந்தப் புட்டி அவருக்குப் புகழைக் கொடுத்தது. பணத்தைக் கொடுத்ததா? நியாயத்தைக் கொடுத்ததா? அதுதான் இந்தக் கதை.

வானத்திலிருந்து விழுந்தது

படத்தின் பெயர் 'தி காட்ஸ் மஸ்ட் பி கிரேஸி'. "கடவுள்களுக்குப் பைத்தியம்தான் பிடித்திருக்க வேண்டும்" என்று அதற்குப் பொருள். 1980-ம் ஆண்டு தென் ஆப்பிரிக்காவில் வெளிவந்தது.

கதை மிகவும் எளிது.

கலஹாரியில் ஒரு சிறு கூட்டம் சண்டை சச்சரவு இல்லாமல் வாழ்கிறது. மேலே ஓர் ஆகாய விமானம் பறக்கிறது. அதை ஓட்டியவர் கொக்கோ கோலா குடித்துவிட்டுக் காலிப் புட்டியை வெளியே வீசுகிறார். அது உடையாமல் மணலில் விழுகிறது.

கடவுள் அனுப்பிய பரிசு என்று எல்லோரும் நினைக்கிறார்கள். அதை வைத்துத் தோலைத் தேய்க்கிறார்கள். கிழங்கை இடிக்கிறார்கள். ஊதி இசை எழுப்புகிறார்கள். ஆனால் இருப்பது ஒரே புட்டி! ஆளுக்கு ஆள் அது வேண்டும் என்கிறார்கள். அதுவரை இல்லாத பொறாமை வருகிறது. சண்டை வருகிறது. அடிதடியும் நடக்கிறது.

"இந்தப் பொல்லாத பொருளை உலகத்தின் கோடிக்குக் கொண்டுபோய்க் கடவுளிடமே எறிந்துவிட்டு வருகிறேன்" என்று ஒருவன் புறப்படுகிறான். அவன் பெயர் கி. அந்த வேடத்தில் நடித்தவர்தான் நிகாவு.

வழியில் அவன் வெளி உலகத்து மனிதர்களைப் பார்க்கிறான். மோட்டார் வண்டியைப் பார்க்கிறான். பசிக்கு ஓர் ஆட்டைக் கொன்று, அதற்காகச் சிறைக்குப் போகிறான். கடைசியில் மேகங்கள் கடலைப் போல் பரந்து கிடக்கும் ஒரு மலை விளிம்புக்கு வந்து, புட்டியை வீசி எறிகிறான். வீடு திரும்புகிறான்.

அந்த மலை விளிம்பு உண்மையிலேயே இருக்கிறது. தென் ஆப்பிரிக்காவின் கிழக்குப் பகுதியில் உள்ளது. 'கடவுளின் ஜன்னல்' என்பது அதன் பெயர்!

சக்கைப் போடு!

படத்தை எடுத்தவர் ஜேமி யூஸ் என்ற டைரக்டர். வெள்ளையர். 1921-ல் பிறந்தவர். மிருகங்களைப் பற்றி 1974-ல் அவர் எடுத்த ஒரு செய்திப் படம் பெயர் பெற்றிருந்தது.

நிகாவு நடித்த படம் தென் ஆப்பிரிக்காவில் சக்கைப் போடு போட்டது. 1984-ல் அமெரிக்காவுக்குப் போனது. அங்கே மட்டும் சுமார் 3 கோடி டாலர் வசூல் ஆயிற்று. வெளிநாட்டுப் படம் ஒன்று அமெரிக்காவில் அதுவரை அவ்வளவு வசூல் செய்ததில்லை.

வேடிக்கை என்ன தெரியுமா? "இது போட்ஸ்வானா நாட்டுப் படம்" என்று சொல்லித்தான் வெளிநாடுகளில் அதைத் திரையிட்டார்கள். ஏன்? அந்தக் காலத்தில் தென் ஆப்பிரிக்காவில் நிறவெறி ஆட்சி நடந்தது. கறுப்பர்களை அடிமைகளைப் போல் நடத்திய அந்த ஆட்சியைப் பல நாடுகள் ஒதுக்கி வைத்திருந்தன. தென் ஆப்பிரிக்கப் படம் என்றால் எதிர்ப்பு வரும்! அதனால் பக்கத்து நாட்டின் பெயரைப் போட்டார்கள்.

அந்தப் பெயரை எப்படிச் சொல்வது?

நிகாவு என்று நாம் எழுதுகிறோம். ஆனால் அவருடைய ஊரார் சொல்லும்போது அதில் ஒரு 'டக்' ஓசை கேட்கும்.

நாம் பரிதாபப்படும்போது 'உச்சு' கொட்டுகிறோம். குதிரை வண்டிக்காரர் நாக்கைச் சொடுக்கிக் குதிரையை விரட்டுகிறார். நமக்கு இவை வெறும் ஓசைகள். அவர்களுக்கோ இவை எழுத்துகள்! நாக்கைப் பல்லில் வைத்து ஒரு சொடுக்கு. மேல் அண்ணத்தில் வைத்து ஒரு சொடுக்கு. கன்னத்து ஓரத்தில் ஒரு சொடுக்கு. இப்படி 4 வகை உண்டு. ஒரு சொடுக்கு மாறினால் பொருளே மாறிவிடும்.

அந்த மக்களின் பெயர் ஜூ ஹோவான்சி. 'உண்மையான மனிதர்கள்' என்று அதற்குப் பொருள் சொல்கிறார்கள். வெள்ளையர்கள் அவர்களுக்கு 'புஷ்மென்' என்று பெயர் வைத்தார்கள். 'புதர் மனிதர்' என்று அர்த்தம். அண்டை இனத்தார் 'சான்' என்றார்கள். மாடு இல்லாமல் காட்டில் பொறுக்கித் தின்பவர் என்ற ஏளனம் அதில் இருந்தது. ஆக, உலகத்துக்குத் தெரிந்த இரண்டு பெயர்களுமே பிறர் வைத்த பெயர்கள்!

தென் ஆப்பிரிக்கப் பகுதியில் ஆதியில் இருந்து வாழ்கிறவர்கள் இவர்களே. இப்போது போட்ஸ்வானா, நமீபியா, அங்கோலா முதலிய நாடுகளில் எல்லாப் பிரிவினரும் சேர்ந்து சுமார் ஒரு லட்சம் பேர் இருக்கிறார்கள்.

அம்பு யாருடையதோ, கறி அவருடையது

இவர்களுடைய பழைய வாழ்க்கை அதிசயமானது.

ஆண்கள் வேட்டைக்குப் போவார்கள். அம்பின் நுனிக்குச் சற்றுக் கீழே விஷம் பூசுவார்கள். ஒரு வகை வண்டின் புழுவைப் பிழிந்து எடுக்கும் விஷம் அது. அம்பு பட்ட மிருகம் உடனே விழாது. சில சமயம் ஒரு நாள், இரண்டு நாள் கூட ஓடும். காலடித் தடத்தைப் பார்த்துக்கொண்டே பின்னால் போக வேண்டும்.

பெண்கள் கிழங்கு தோண்டுவார்கள். கொட்டை, பழம் பொறுக்குவார்கள். வீட்டுச் சாப்பாட்டில் பெரும் பகுதி அவர்கள் கொண்டுவருவதுதான். தீக்கோழி முட்டையின் ஓட்டில் தண்ணீர் சேர்த்து வைப்பார்கள்.

வேட்டையில் கிடைத்த கறியை ஒருவரே வைத்துக்கொள்ள முடியாது. கொன்றவர் யாராக இருந்தாலும், அம்பு யாருடையதோ அவர்தான் கறியைப் பங்கு போடுவார். அம்பை ஒருவருக்கொருவர் கொடுத்து வாங்கிக்கொள்வார்கள். வேட்டைக்கே போகாத கிழவர் கூட ஒரு நாள் கறிக்குச் சொந்தக்காரர் ஆகலாம்! பெரிய மிருகத்தைக் கொன்றவர் பெருமை பேசக் கூடாது. "இந்த எலும்பும் தோலுமா?" என்று மற்றவர்கள் கேலி செய்வார்கள். ஒருவருக்கும் தலைக்கனம் வரக் கூடாது என்பதற்காக அப்படி ஓர் ஏற்பாடு!

இதை நினைவில் வைத்துக்கொள்ள வேண்டும். பணம் என்ற பொருள் இந்த ஊருக்குள் வந்தபோது என்ன நடந்தது என்பது அப்போதுதான் புரியும்.

டைரக்டர் சொன்ன கதை

படம் ஓடத் தொடங்கியதும் பத்திரிகைக்காரர்கள் ஜேமி யூசைச் சூழ்ந்துகொண்டார்கள். "இந்த மனிதரை எங்கே பிடித்தீர்கள்?" என்று கேட்டார்கள்.

மொழிபெயர்ப்பாளர் ஒருவரை உடன் அழைத்துக்கொண்டு கலஹாரி முழுவதும் மாதக்கணக்கில் தேடியதாக அவர் சொன்னார். அந்த மக்களின் மொழியில் 'வேலை' என்ற சொல்லே கிடையாது என்றார். நிகாவு அதற்கு முன் வெள்ளையரைப் பார்த்தது மிக அபூர்வம் என்றார். முதல் சம்பளமாகக் கொடுத்த நோட்டுகள் காற்றில் பறந்து போயின. அவற்றின் மதிப்பு அந்த மனிதருக்குத் தெரியாது என்றார்.

கேட்டவர்கள் வியந்தார்கள். "ஆகா! எவ்வளவு வெள்ளை உள்ளம்!" என்றார்கள். படத்துக்கு அது நல்ல விளம்பரமாகவும் அமைந்தது.

ஆனால் அது உண்மையா?

பள்ளிக்கூடச் சமையல்காரர்!

அந்த மக்களோடு நெடுங்காலம் பழகிய ஆராய்ச்சியாளர்கள் வேறு விதமாக எழுதினார்கள்.

நிகாவு சிறு வயதில் ஹெரேரோ இனத்தாரின் பண்ணையில் மாடு மேய்த்தவர். 1976-ல் சும்குவே என்ற ஊர்ப் பக்கம் வந்தார். அங்கே பள்ளிக்கூடத்தில் சமையல்காரராக வேலை பார்த்தார். மணி அடித்ததும் பிள்ளைகளுக்குச் சோளக் கூழ் ஊற்றியவரைத்தான், "வேலை என்ற சொல்லையே அறியாதவர்" என்று உலகம் நினைத்தது!

அவருக்குத் தாய்மொழியோடு ஹெரேரோ மொழியும், ட்ஸ்வானா மொழியும் சரளமாகத் தெரியும். வெள்ளையர் பேசும் ஆப்பிரிக்கான்ஸ் மொழியும் கொஞ்சம் தெரியும். வெளி ஆட்களைப் பார்த்ததே இல்லை என்ற வேடத்தில் நடித்தவர் மூன்று மொழி பேசியவர்!

அப்படியானால் படத்தில் நாம் கண்ட வியப்பு, திகைப்பு, அப்பாவித்தனம் எல்லாம் என்ன? அதற்குப் பெயர்தான் நடிப்பு!

மோட்டார் வண்டியைத் தெரிந்தவர், தெரியாதவரைப் போல் பார்த்தார். துப்பாக்கியைத் தெரிந்தவர், தெரியாதவரைப் போல் தொட்டார். கோடிக்கணக்கானவர்கள் நம்பினார்கள். "அவர் நடிக்கவில்லை, இயல்பாக இருந்தார்" என்று பாராட்டினார்கள். நடிகருக்கு இதைவிடப் பெரிய பாராட்டு வேறு இல்லை. ஆனால் அந்தப் பாராட்டிலேயே அவருடைய திறமைக்குக் கொடுக்க வேண்டிய பெயர் காணாமல் போய்விட்டது.

இன்னொரு காமிரா

ஜேமி யூஸ் படம் எடுத்துக்கொண்டிருந்த அதே இடத்தில் இன்னொரு காமிராவும் ஓடிக்கொண்டிருந்தது!

அதை வைத்திருந்தவர் ஜான் மார்ஷல் என்ற அமெரிக்கர். 1951-ல் பெற்றோருடன் இளைஞராக அந்தக் காட்டுக்கு வந்தவர். அது முதல் அந்த மக்களைப் படம் பிடித்தார். நான்கு பேர் ஓர் ஒட்டகச் சிவிங்கியை வேட்டையாடும் கதையை 'தி ஹண்டர்ஸ்' என்ற பெயரில் 1957-ல் வெளியிட்டார்.

நை என்ற ஒரு பெண்ணைச் சிறுமியாக இருந்த நாள் முதல் 1978 வரை அவர் படம் பிடித்தார். அதை 1980-ல் ஒரு மணி நேரச் செய்திப் படமாக வெளியிட்டார். படத்தில் நையே தன் கதையைச் சொல்கிறாள். எட்டு வயதில் தனக்குக் கலியாணம் செய்து வைத்ததைச் சொல்கிறாள். கிழங்கு தோண்டிய காட்டைச் சொல்கிறாள்.

பிறகு படம் நிகழ்காலத்துக்கு வருகிறது. பார்ப்பவர் மனம் கனத்துவிடுகிறது.

சும்குவே ஊரில் தகரக் கொட்டகைகள். அரசாங்கம் அளந்து கொடுக்கும் சோள மாவு. காசநோய். குடி. வேலை இல்லாமல் உட்கார்ந்திருக்கும் ஆண்கள். அவர்களைச் சிப்பாய்களாகச் சேர்த்துக்கொள்ள வந்து நிற்கும் தென் ஆப்பிரிக்க ராணுவம்.

அந்தப் படத்திலேயே ஜேமி யூசின் படப்பிடிப்பும் வருகிறது! வழக்கமாக அணியும் உடைகளைக் கழற்றிவிட்டுத் தோல் ஆடை கட்டச் சொல்கிறார்கள். ஒரே காட்சியைத் திரும்பத் திரும்ப நடிக்கச் சொல்கிறார்கள். நையும் அதில் நடிக்கிறாள். ஒரு பக்கம், பணமே அறியாத மக்களைப் பற்றிய வேடிக்கைப் படம் தயாராகிறது. மறு பக்கம், படத்தில் நடித்துப் பணம் வாங்கினாள் என்பதற்காகவே நையை ஊரார் சூழ்ந்துகொண்டு ஏசுகிறார்கள்!

கறியைப் பங்கு போட வழி இருந்தது. சம்பளத்தைப் பங்கு போட வழி இல்லை. கறி இரண்டு நாளில் கெட்டுப் போகும். ஆகவே கொடுத்துவிடலாம். நோட்டு கெட்டுப் போகாது. ஒளித்து வைக்கலாம். ஒளித்து வைத்திருப்பதாகப் பிறர் சந்தேகப்படலாம்.

ஒரு புட்டியால் சண்டை வருவதாகச் சினிமாவில் காட்டினார்கள். அந்தச் சினிமா கொடுத்த காசாலேயே ஊருக்குள் சண்டை வந்தது!

நிலம் எங்கே போயிற்று?

அந்த மக்கள் ஏன் சோள மாவுக்குக் கையேந்தினார்கள்?

நமீபியா நாடு அப்போது தென் ஆப்பிரிக்காவின் பிடியில் இருந்தது. 1960-ஐ ஒட்டி அதிகாரிகள் சும்குவேயில் ஒரு குடியிருப்பை ஏற்படுத்தினார்கள். காட்டில் பரவலாக வாழ்ந்தவர்களை அங்கே கூட்டினார்கள். 1970-ல் 'புஷ்மன் நாடு' என்று ஒரு பகுதியைக் கோடு போட்டுப் பிரித்தார்கள். அந்தக் கோட்டுக்கு வெளியே போன நிலமே அதிகம். வேட்டைக் காடும், தண்ணீர் கிடைக்கும் இடங்களும் கைவிட்டுப் போயின.

காட்டில் பிழைக்கவும் இடம் இல்லை. நாட்டில் பிழைக்கவும் தொழில் இல்லை.

இந்த நேரத்தில்தான் சினிமா வந்து, "இவர்களுக்கு ஒரு குறையும் இல்லை" என்று சொன்னது. அமெரிக்காவிலும் பிற இடங்களிலும் பலர் அதைக் கண்டித்தார்கள். "நிலத்தைப் பறித்தவர்களைக் காட்டாமல் வானத்திலிருந்து விழுந்த புட்டியைக் காட்டுகிறார்களே!" என்பது அவர்கள் கேள்வி.

வெறும் கேள்வி அல்ல. அதில் ஆபத்தும் இருந்தது. 1980-களில் அதிகாரிகள் ஒரு திட்டம் போட்டார்கள். அந்தப் பகுதியை மிருகக் காட்சிக் காடாக ஆக்கிவிட வேண்டும். அங்கே வில்லும் அம்புமாய் வாழச் சம்மதிக்கும் சிலர் மட்டும் இருக்கலாம். சுற்றுலாக்காரர்கள் வந்து பார்ப்பார்கள்! கிணறு வெட்டி, மாடு வளர்த்து, பயிர் செய்து வாழ விரும்பிய குடும்பங்களுக்கு அதில் இடம் இல்லை.

"இவர்கள் காட்டு மக்கள், இவர்களுக்கு மாடு எதற்கு?" என்று கேட்பது எளிது. படம் பார்த்தவர்கள் அப்படித்தான் நினைத்தார்கள். ஜான் மார்ஷல் காமிராவைக் கீழே வைத்துவிட்டு, கிணறு தோண்டவும் மாடு வாங்கவும் அந்தக் குடும்பங்களுக்கு உதவினார். கிணறு தோண்டினால் யானை வந்து குழாயைப் பிடுங்கியது. மாடு வாங்கினால் சிங்கம் வந்து தின்றது. ஆனாலும் அவர்கள் விடவில்லை. அந்தப் போராட்டத்தை 'எ கலஹாரி ஃபேமிலி' என்று ஐந்து பாகங்கள் கொண்ட செய்திப் படமாக 2002-ல் மார்ஷல் வெளியிட்டார்.

கணக்குக் கேட்டார் நிகாவு

முதல் படத்துக்கு நிகாவு பெற்ற சம்பளம் மிகச் சொற்பம். தொடக்கத்தில் 300 டாலர் கொடுத்ததாகச் சொல்கிறார்கள். படம் அமெரிக்காவில் மட்டும் 3 கோடி டாலர் வசூலித்தது!

இரண்டாவது படம் எடுக்க ஜேமி யூஸ் மறுபடியும் வந்தார். இந்தத் தடவை நிகாவு பேரம் பேசினார். முதல் படத்துக்குக் கொடுத்ததைப் போல் பல மடங்கு கேட்டார். பணத்தைக் காற்றில் விட்டதாகச் சொல்லப்பட்ட மனிதர், பணம் எதற்கு என்று கணக்காகச் சொன்னார்.

"எனக்குக் கல் வீடு வேண்டும். விளக்கு எரிய மின்சாரம் வேண்டும். தண்ணீர் இறைக்கக் குழாய் வேண்டும்!"

இவைதான் அவர் கேட்டவை. கேட்டது கிடைத்தது.

1989-ல் அந்த இரண்டாம் படம் வெளிவந்தது. யானைத் தந்தம் திருடுகிறவர்களின் தண்ணீர் லாரியில் இரண்டு பிள்ளைகள் விளையாட்டாக ஏறிவிடுகிறார்கள். லாரி புறப்பட்டுவிடுகிறது. தகப்பன் சக்கரத் தடத்தைப் பார்த்துக்கொண்டே காடு மேடு எல்லாம் ஓடி வருகிறான். அந்தத் தகப்பனாக நிகாவு நடித்தார். தகப்பனுடைய தவிப்பைப் பேச்சு இல்லாமலே முகத்தில் காட்டினார்.

சீனாக்காரர்களோடு!

அடுத்த அழைப்பு ஹாங்காங்கிலிருந்து வந்தது!

1991-ல் 'கிரேஸி சஃபாரி' என்ற படம். சீனர்களின் பேய்க் கதையில் செத்த பிணம் எழுந்து, கைகளை நீட்டிக்கொண்டு தத்தித் தத்தி வரும். அப்படிப்பட்ட பிணத்தை விமானத்தில் கொண்டுபோகும்போது அது ஆப்பிரிக்கக் காட்டில் விழுந்துவிடுகிறது. பேயோட்டும் மந்திரவாதியாக நடித்தவர் லாம் சிங் யிங் என்ற புகழ்பெற்ற நடிகர். ஒரு காட்சியில் நிகாவுவின் மேல் குஸ்தி வீரர் புரூஸ் லீயின் ஆவியே வந்து இறங்குகிறது! கலஹாரிக்காரர் சீனக் குஸ்தி போடுகிறார்!

1993-ல் 'கிரேஸி ஹாங்காங்'. 1994-ல் இன்னொரு படம். அது அவரைச் சீனாவுக்கே கொண்டுபோனது.

இவை உயர்ந்த படங்கள் என்று யாரும் சொல்ல மாட்டார்கள். எல்லாவற்றிலும் அதே வேடம்தான்.  வேறு வேடம் கொடுக்க யாருக்கும் தோன்றவில்லை. வாத்தியாராக, கடைக்காரராக, போலீஸ்காரராக நடிக்கும் நிகாவுவைப் படம் பார்க்கிறவர்கள் காணவே இல்லை. ஏறக்குறைய 15 ஆண்டு நடிப்பு வாழ்க்கையில் அவர் திரும்பத் திரும்ப ஒரே ஆளாகத்தான் இருக்க வேண்டியிருந்தது.

நடிகர் குடியானவர் ஆனார்

பிறகு அவர் ஊருக்குத் திரும்பினார்.

1990 மார்ச் 21-ந் தேதி நமீபியா சுதந்திர நாடாகிவிட்டது. நிறவெறி ஆட்சி போய்விட்டது. சும்குவேயைச் சுற்றிய சுமார் 9 ஆயிரம் சதுர கிலோமீட்டர் காட்டைப் பராமரிக்கும் உரிமை 1998-ல் ஜூ ஹோவான்சி மக்களின் சங்கத்துக்கே கிடைத்தது. நாட்டில் அப்படி உரிமை பெற்ற முதல் பொதுநிலச் சங்கம் அதுவே. பழைய அதிகாரிகள் போட்ட திட்டம் பலிக்கவில்லை.

தலைநகரான விண்ட்ஹூக்கிலிருந்து 700 கிலோமீட்டருக்கு அப்பால் உள்ள அந்த ஊரில் நிகாவு தம் வீட்டில் குடியிருந்தார். சோளம் போட்டார். பூசணி போட்டார். அவரை போட்டார். மாடு வளர்த்தார். நல்ல நாளில் 20 மாடுகள் வரை இருந்தன. 

பழைய மோட்டார் கார் ஒன்றும் வாங்கினார். ஆனால் தாம் ஓட்டப் பழகவில்லை. சம்பளத்துக்கு ஒரு டிரைவரை வைத்துக்கொண்டார்! சினிமாவில் மோட்டாரைக் கண்டு திகைத்தவர், ஊரில் தம் சொந்தக் காரில் பின்னால் உட்கார்ந்து போனார்.

2000-ம் ஆண்டில் கிறிஸ்தவராக ஞானஸ்நானம் பெற்றார்.

பேட்டி எடுக்க வந்தவர்களையும், படம் பிடிக்க வந்தவர்களையும் அவர் விரட்டவில்லை. அவர் வாழ்ந்த அந்தக் காட்டைத் தேடிப் போய் எடுத்த 'ஜர்னி டு நியே நியே' என்ற செய்திப் படமும் உண்டு. நியே நியே என்பது சும்குவேயைச் சுற்றிய பகுதியின் பெயர்.

காட்டுக்குப் போனவர் திரும்பவில்லை

2003 ஜூலை மாதம். ஒரு நாள் நிகாவு வழக்கம் போல் காட்டுக்குள் போனார். வீடு திரும்பவில்லை. தேடிப் போனவர்கள் அவர் இறந்து கிடந்ததைக் கண்டார்கள்.

அவருக்குக் காசநோய் இருந்தது. சாதாரண மருந்துக்குக் கட்டுப்படாத கடுமையான காசநோய். உலகம் எங்கும் முகம் தெரிந்த நடிகரைக் கொண்டுபோனது, அந்த ஊர் ஏழைகள் பலரை வாட்டிய அதே நோய்தான்.

வயது? பிறந்த தேதி எங்கும் பதிவாகவில்லை. சுமார் 59 இருக்கும் என்று கணக்குப் போட்டார்கள். ஆறு பிள்ளைகளை விட்டுச் சென்றார். ஜூலை 12-ந் தேதி சும்குவேயில் இரண்டாவது மனைவியின் கல்லறைக்குப் பக்கத்தில் அடக்கம் செய்தார்கள். பழைய முறையும் புது முறையும் கலந்த சடங்கு நடந்தது.

ஜேமி யூஸ் அதற்கு முன்பே, 1996-ல் காலமாகிவிட்டார். ஜான் மார்ஷல் 2005-ல் மறைந்தார். அவர் எடுத்த படச் சுருள்களை உலகம் போற்றிக் காக்க வேண்டிய நினைவுச் செல்வமாக யுனெஸ்கோ 2009-ல் அறிவித்தது. அந்தச் சுருள்களில் சிரிப்பும் இருக்கிறது, பசியும் இருக்கிறது.

நிகாவுவின் படம் இன்றும் பிள்ளைகளைச் சிரிக்க வைக்கிறது. சிரிக்கலாம், அதில் தவறு இல்லை. நன்றாக நடித்த நடிகருக்கு நாம் செலுத்தும் மரியாதை அது. ஆனால் "பாவம், ஒன்றும் தெரியாதவர்" என்று பிள்ளைகள் சொன்னால் ஒரு வார்த்தை திருத்திச் சொல்ல வேண்டும்.

அவர் தெரிந்தவர். மூன்று மொழி தெரிந்தவர். சமைக்கத் தெரிந்தவர். மாடு மேய்க்கவும், பயிர் செய்யவும் தெரிந்தவர். ஒன்றும் தெரியாதவரைப் போல் நடிக்கவும் தெரிந்தவர். குழாயில் தண்ணீர் வருவதற்கு எவ்வளவு பணம் கேட்க வேண்டும் என்பதும் அவருக்கு நன்றாகத் தெரிந்திருந்தது!